எப்போது வந்தாய், எப்போது போகிறாய்?

சவுதியின் தம்மாமிலிருந்து மாமா விடுமுறையில் கொண்டுவரும் அட்டைப்பெட்டியின் ஆறு பக்கங்களிலும் அவருடைய பெயர் இருக்கும். தடித்த மார்க்கர் பேனாவால் ஆங்கிலப் பெரிய எழுத்தில் பெயர், அப்பா பெயர், வீட்டுப் பெயர், தக்கலை, கன்னியாகுமரி மாவட்டம், அதற்கும் கீழே திருவனந்தபுரம் விமான நிலையம். நீல நைலான் கயிறு பெட்டியைக் குறுக்கும் நெடுக்குமாகச் சுற்றிச் சதுரம் சதுரமாக ஓடும். சதுரங்கள் சந்திக்கும் இடமெல்லாம் ஒரு முடிச்சு. கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு யாராவது கிட்டே போனால் மாமாவுக்குக் கோபம் வந்துவிடும். கயிறு நல்ல கயிறு, வெட்டக்கூடாது. தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து ஒவ்வொரு முடிச்சாக நகத்தால் நெம்பி அவிழ்ப்பார். பெட்டியைச் சுற்றி நாங்கள் பதினைந்து பேர் மூச்சுவிடாமல் உட்கார்ந்திருப்போம்.

உள்ளே கோடாலித் தைலம், டைகர் பாம், டாங் பொடி, நிடோ பால் மாவு டின், மூன்று நான்கு சோப்பு வாசனை கலந்த துணிகள். பங்கு பிரிப்பதை ஆச்சி செய்வாள். யாருக்கு எது போயிற்று என்பது அடுத்த விடுமுறைவரை பேசப்படும். மறுநாள் காலையில் மாமா வேட்டியைக் கட்டிக்கொண்டு சந்தைக்குப் போனால், எதிரே வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியை இரண்டாக உடைத்துக் கேட்பார்கள். "எப்போது வந்தாய்?" பதில் வருவதற்குள் அடுத்தது. "எப்போது திரும்பிப் போகிறாய்?" எல்லை தாண்டிப் பாறசாலைக்குப் போனாலும் இதே கேள்விதான், மலையாளத்தில்.

எங்கள் வீட்டு ஆண்டெனா திருவனந்தபுரம் பார்த்துத்தான் நின்றது. அந்தப் பக்கத்துத் தூர்தர்ஷன் எங்களுக்குத் தெளிவாகக் கிடைக்கும். ஞாயிறு மாலை மலையாளப் படம் என்பது கோயில் கொடைபோல. தெருவே எங்கள் திண்ணையில் இருக்கும். 1990 வாக்கில் ஒரு ஞாயிற்றுக்கிழமை சத்யன் அந்திக்காட்டின் 'நாடோடிக்காற்று' போட்டார்கள். மாமா அப்போது விடுமுறையில் இருந்தார்.

படம் 1987-இல் வந்தது. சீனிவாசன் எழுதியது. பி.காம் முதல் வகுப்பு என்று வாய்க்கு வாய் சொல்லிக்கொள்ளும் தாசனும் (மோகன்லால்) அந்தப் பெருமைகூட இல்லாத விஜயனும் (சீனிவாசன்) பியூன் வேலையை இழந்து, வங்கிக் கடனில் மாடு வாங்கி அதிலும் தோற்று, கடைசியாக கஃபூர் என்ற ஏஜெண்டிடம் பணத்தைக் கொடுத்து உரு என்ற மரக்கப்பலில் ஏறுகிறார்கள். துபாய் கரை வந்துவிட்டது, நீந்திப் போய்விடுங்கள் என்கிறார் கஃபூர். கரையேறி, அரபு உடையை மாட்டிக்கொண்டு, பெரிய மனிதர்களைப்போல நடக்கிறார்கள். கண்ணில் படுகிற பலகையெல்லாம் தமிழ். அது சென்னைக் கடற்கரை.

திண்ணை முழுக்கச் சிரிப்பு. தமிழ் எழுத்தைப் பார்த்து இருவரும் திகைத்து நிற்பதைத் தமிழ் எழுத்து படித்த நாங்கள் பார்த்துக்கொண்டிருந்தது ஒரு தனிச் சுகம். எல்லோரையும்விட அதிகமாகச் சிரித்தவர் மாமா. கண்ணைத் துடைத்துக்கொண்டே, "எனக்கும் இப்படி ஒரு கஃபூர் இருந்தான், பம்பாயில்" என்றார். ஆச்சி திரும்பிப் பார்த்தாள். அதுவரை அந்தக் கதை வீட்டில் யாருக்கும் தெரியாது. 1984-இல் அவர் சவுதிக்குப் போவதற்கு முன்னால் பம்பாயில் ஒரு லாட்ஜில் இருபது பேரோடு நான்கு மாதம் கிடந்ததும், முதல் ஏஜெண்ட் பணத்தோடு மறைந்ததும், ஆச்சியின் வளையலை இரண்டாம் முறை அடகு வைத்தது எதற்கு என்பதும் அன்றைக்குத்தான் வெளியே வந்தன. ஒரு நகைச்சுவைப் படம் போட்ட வழியில் அந்த உண்மை வந்து சேர்ந்தது. கஃபூராக நடித்த மாமுக்கோயா, நடிக்க வருவதற்கு முன் கோழிக்கோடு கல்லாயியில் மரம் அளக்கும் வேலை பார்த்தவர். அந்த முகத்தில் நடிகன் தெரியமாட்டான். பணத்தை வாங்கி மடியில் செருகும்போது நமக்குத் தெரிந்த யாரோ வாங்குவதுபோல இருக்கும்.

மலையாளப் படம் என்றால் எதார்த்தம் என்று நம் பக்கத்தில் இப்போது ஒரு பாராட்டுப் பத்திரம் அச்சடித்து வைத்திருக்கிறோம். மழை, ஓட்டு வீடு, கைலி, மெதுவான பேச்சு. இவை இருந்தால் எதார்த்தம். எனக்கு இது போதவில்லை. மழையும் ஓட்டு வீடும் எங்கள் ஊரிலும் இருக்கின்றன. அந்த சினிமாவின் எதார்த்தம் வீட்டுக் கணக்கு நோட்டிலிருந்து தொடங்குகிறது என்பது என் எண்ணம். இந்த வீட்டில் அடுப்பு எரிவது யாருடைய காசில், அந்த ஆள் இப்போது எங்கே இருக்கிறான், இந்தச் சுவர் பூசப்படாமல் நிற்பது ஏன், கடன் யார் பெயரில்: இந்தக் கேள்விகளுக்கு விடை தெரியாமல் அவர்களால் ஒரு பாத்திரத்தை நடமாட விடமுடியாது. வீட்டில் ஒரு ஆள் குறைகிற ஊர்களில் பிறந்த பழக்கம் இது.

அது கல்ஃபுக்கு முன்னாலேயே தொடங்கியது. மலையாளத்தின் முதல் படமான 'விகதகுமாரன்' 1920-களின் இறுதியில் எடுக்கத் தொடங்கப்பட்ட மௌனப் படம். அதன் கதை என்ன தெரியுமா? திருவிதாங்கூரில் பணக்கார வீட்டுப் பிள்ளை ஒருவனை இலங்கைக்குக் கடத்திக்கொண்டு போய்விடுகிறார்கள். அவன் அங்கே தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். முதல் படத்திலேயே ஒருவன் கடல் தாண்டிக் கூலியாகிவிட்டான். படத்தை எடுத்த ஜே.சி. டேனியல் எங்கள் மாவட்டத்துக்காரர், அகஸ்தீஸ்வரம். நிலத்தை விற்று எடுத்தார். கையில் ஒன்றும் மிஞ்சவில்லை. பல் வைத்தியராகப் பிழைத்தார். 1975-இல் இறந்தார். வறுமையில் கேட்ட உதவித்தொகை, தமிழ்நாட்டில் இருப்பவர் என்ற காரணம் சொல்லி மறுக்கப்பட்டது. இன்று கேரள அரசின் உயரிய திரைப்பட விருது அவர் பெயரில்தான் இருக்கிறது.

கதாநாயகி பி.கே. ரோஸியின் கதை இதைவிடக் கொடியது. தலித் பெண் நாயர் பெண்ணாக நடித்தாள் என்பதற்காகத் திரையில் கல்லெறிந்தார்கள். வீட்டைக் கொளுத்தினார்கள். ஒரு லாரியில் ஏறித் தப்பித்து நாகர்கோவில் பக்கம் வந்து, ராஜம்மாள் என்ற பெயரில் மீதி வாழ்க்கையை வாழ்ந்து முடித்தார். மலையாள சினிமாவின் முதல் அகதி அதன் முதல் நடிகைதான். எதார்த்தம் எதார்த்தம் என்று நாம் புகழும்போது இதை ஒரு ஓரத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். 2017-இல் ஒரு நடிகை தாக்கப்பட்ட பிறகு, மலையாள சினிமாவில் பெண்களின் நிலையை ஆராய அமைக்கப்பட்ட ஹேமா கமிட்டி 2019 டிசம்பரில் அறிக்கை கொடுத்தது. அது வெளியே வர 2024 ஆகஸ்ட் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. திரையில் ஒரு சமையலறைக் குழாயின் ஒழுகலைக்கூட விடாமல் காட்டத் தெரிந்தவர்களுக்குத் தங்கள் படப்பிடிப்புத் தளத்தின் கழிப்பறை தெரியாமல் போயிற்று. அந்தத் துறையின் பெண்கள் 2019-இல் தொடங்கிய திரைப்படச் சங்கத்துக்கு ரோஸியின் பெயரை வைத்தார்கள். சரியான பெயர்.

கல்ஃபுக்கு வருகிறேன். 1980-இல் எம்.டி. வாசுதேவன் நாயர் எழுதிய 'வில்க்கானுண்டு ஸ்வப்னங்கள்' துபாய்க்கே போய்ப் படம்பிடித்தது. அதற்குப் பிறகு கணக்கே இல்லை. இன்றைய நிலவரம் 1998 முதல் நடந்துவரும் கேரளப் புலம்பெயர்வுக் கணக்கெடுப்பில் இருக்கிறது. 2023-இல் வெளிநாட்டில் இருந்த கேரளத்தவர் சுமார் 22 லட்சம். அந்த ஆண்டு அவர்கள் வழியாக வந்த பணம் ஏறத்தாழ 2.17 லட்சம் கோடி ரூபாய். மூன்றரைக் கோடிப் பேர் உள்ள ஒரு நிலத்துக்கு இது பெரிய தொகை. இந்தப் பணம் வீடாகி, பள்ளிக்கூடமாகி, நகைக்கடையாகி, நெடும்பாசேரி விமான நிலையத்தின் பங்காகி, சினிமா டிக்கெட்டாகவும் ஆனது. ஆனால் அங்கே எடுத்த நல்ல படங்கள் அந்தத் தொகையை அண்ணாந்து பார்க்கவில்லை. அனுப்பியவனின் முதுகைப் பார்த்தன.

'வரவேல்பு' (1989) எனக்கு இன்றும் வயிற்றைப் பிசைகிற படம். ஏழு ஆண்டு கழித்துத் திரும்பி வரும் முரளிக்கு (மோகன்லால்) வீட்டில் ராஜ உபசாரம். அண்ணன்மார்களின் பாசம் கட்டுக்கடங்காமல் ஓடுகிறது. இனித் திரும்பிப் போகப்போவதில்லை, இங்கேயே ஒரு பஸ் வாங்கி ஓட்டப்போகிறேன் என்று அவன் சொல்கிற நொடியில் மோகன்லாலைச் சுற்றி இருக்கும் முகங்களை மட்டும் பாருங்கள். யாரும் ஒன்றும் சொல்வதில்லை. ஆனால் சாப்பாட்டுத் தட்டில் விழுவது குறைந்துவிடும். பஸ்ஸுக்கு 'கல்ஃப் மோட்டார்ஸ்' என்று பெயர். கண்டக்டர் திருடுகிறான், சங்கம் கொடி பிடிக்கிறது, அதிகாரி அலையவிடுகிறார். படம் தொழிற்சங்கத்துக்கு எதிரானது என்று ஒரு பழைய சண்டை உண்டு. அதில் கொஞ்சம் நியாயமும் உண்டு. ஆனால் நான் பார்த்தது வேறு. "எப்போது போகிறாய்?" என்ற கேள்விக்குத் "போகவில்லை" என்று பதில் சொன்னவனுக்கு ஊர் என்ன செய்யும் என்பதை அந்தப் படம் காட்டிவிட்டது. மாமா அந்தப் படத்தைப் பார்த்த பிறகு இன்னும் பதினோரு ஆண்டு தம்மாமில் இருந்தார். படம்தான் காரணம் என்று சொல்ல மாட்டேன்.

சலீம் அகமதின் 'பத்தேமாரி' (2015) மம்மூட்டியை லாஞ்சில் ஏற்றி கோர்ஃபக்கான் கரையில் நீந்த விட்டு, வாழ்நாள் முழுக்க அவரை நிமிரவிடாமல் செய்தது. கொஞ்சம் அழுகை கூடுதல், மன்னிக்கலாம். பென்யாமின் 2008-இல் எழுதிய நாவலை பிளெஸ்ஸி பதினாறு ஆண்டு சுமந்து 2024-இல் 'ஆடுஜீவிதம்' ஆக்கினார். ஜோர்டானின் வாடி ரம் பாலைவனத்தில் படப்பிடிப்புக்குப் போன குழுவே 2020 ஊரடங்கில் அங்கே மாட்டிக்கொண்டது. அந்தப் படத்தில் மணலைவிட எனக்குத் தண்ணீர்தான் நினைவிருக்கிறது. பாலைவனத்தில் ஆடு மேய்க்கவைக்கப்படும் நஜீப், ஊரில் ஆற்றில் மூழ்கி மணல் அள்ளுகிறவன். ஆற்றுக்குள் இருந்தவனை ஆட்டுத்தொட்டியின் தண்ணீருக்கு அலையவிடுகிறார்கள். அங்கேயும் மணல், இங்கேயும் மணல்.

இவையெல்லாம் ஆண்களின் கதை. எங்கள் வீட்டில் இன்னொரு பக்கம் இருந்தது, அதற்குக் கேசட் என்று பெயர்.

தொலைபேசி வருவதற்கு முன்பு மாமாவும் வீடும் கேசட்டில் பேசிக்கொண்டார்கள். அவர் கொண்டுவந்த நேஷனல் பானாசோனிக் டேப் ரெக்கார்டரில் சிவப்புப் பொத்தானையும் பக்கத்துப் பொத்தானையும் சேர்த்து அழுத்தி, ஆளுக்கு ஐந்து நிமிடம். தூரத்தில் இருக்கிறவனுக்குக் கேட்கவேண்டுமே என்று ஆச்சி கத்துவாள். அம்மா ரேஷன் விலை சொல்வாள். நான் திருக்குறள் ஒப்பித்தேன். தம்மாமுக்குப் போகிறவர் யாராவது கிடைத்தால் அவர் பெட்டியில் கேசட் போகும். ஒரு இரவு எல்லோரும் தூங்கிய பிறகு அத்தை தன் பங்கைப் பதிவு செய்ய உட்கார்ந்தாள். நான் பாயில் கண்ணை மூடிக்கொண்டு கிடந்தேன். பொத்தான் அழுந்திய சத்தம் கேட்டது. அதற்குப் பிறகு பேச்சே இல்லை. வெளியே தவளைகள் கத்திக்கொண்டிருந்தன. கேசட் சுற்றுகிற மெல்லிய கிறுகிறுப்பு. ரொம்ப நேரம் கழித்துப் பொத்தான் மறுபடி டக்கென்று எழும்பியது. முழுதாக ஒரு பக்கம். அத்தை அதில் ஒரு வார்த்தை பேசியிருந்தால் நான் கேட்டிருப்பேன்.

பாயல் கபாடியாவின் 'ஆல் வி இமேஜின் ஆஸ் லைட்' பார்த்தபோது அந்தப் பாய் ஞாபகம் வந்தது. 2024-இல் கான் திரைப்பட விழாவில் கிராண்ட் பிரீ வாங்கிய படம். இயக்குநர் மலையாளி இல்லை. ஆனால் மும்பையில் வேலை பார்க்கும் மலையாள நர்சுகளின் படம், பெரும்பகுதி மலையாளத்தில் பேசுகிறது. பிரபாவின் கணவன் ஜெர்மனியில். எப்போதோ பேச்சு நின்றுவிட்டது. ஒரு நாள் ஒரு பார்சல் வருகிறது. அனுப்பியவர் பெயர் இல்லை. உள்ளே சிவப்பு நிறத்தில் ஒரு ரைஸ் குக்கர், ஜெர்மனியில் செய்தது. அதை அலமாரிக்கு அடியில் தள்ளிவிடுகிறாள். பிறகு ஒரு இரவு, தனியாக, சமையலறைத் தரையில் உட்கார்ந்து அந்தக் குக்கரை இரண்டு காலுக்கும் நடுவில் வைத்துக் கட்டிக்கொள்கிறாள். கனி குஸ்ருதி அந்த இடத்தில் அழவில்லை. குக்கரை அணைப்பதை ஒரு வேலை செய்வதுபோலச் செய்கிறார். வளைகுடாவிலும் ஐரோப்பாவிலும் இருந்து நம் வீடுகளுக்கு வந்த எல்லாப் பொருள்களையும் அந்த ஒரு காட்சி திரும்பப் பார்க்கவைத்தது. ஆச்சி பங்கு வைத்த டாங் பொடி உட்பட.

மகேஷ் நாராயணனும் இந்தப் பக்கத்தைத்தான் திரும்பத் திரும்பத் தோண்டுகிறார். 2014-இல் இராக்கின் திக்ரித்தில் சிக்கி, மோசுலுக்குக் கொண்டுபோகப்பட்டு, ஜூலை 5 அன்று கொச்சி வந்திறங்கிய 46 நர்சுகளின் நிகழ்வை ஒட்டி 'டேக் ஆஃப்' (2017) எடுத்தார். போர் வெடிக்கிற காட்சிகளில் எனக்கு ஈடுபாடு வரவில்லை. போர் நடக்கும் நாட்டுக்கு ஒரு நர்ஸ் ஏன் போகிறாள் என்பதற்குப் படம் முதல் பாதியில் சொல்லும் பதில் கடன். அந்தப் பகுதிதான் படம். 'அறியிப்பு' (2022) இன்னும் நுட்பமானது. நொய்டாவில் கையுறைத் தொழிற்சாலை. வெளிநாட்டு வேலைக்குத் தங்கள் திறமையைக் காட்டும் வீடியோ எடுக்கும் ஒரு மலையாளத் தம்பதி. அந்த வீடியோவோடு யாரோ ஆபாசத் துண்டு ஒன்றை ஒட்டிவிடுகிறார்கள். அவர்கள் எந்த நாட்டுக்கும் போய்ச் சேரவில்லை, ஊரிலும் இல்லை. பாதி வழியில் ஒரு தகரக் கூரையின் கீழே, குளிரில்.

இதுவரை போனவர்கள். வந்தவர்களை மலையாள சினிமா எப்படிப் பார்த்தது என்று கேட்டால் பேச்சு கொஞ்சம் தடுமாறும்.

2013-இல் கேரளத்தின் குலாட்டி நிதி ஆய்வு நிறுவனம் செய்த மதிப்பீட்டின்படி அங்கே வேலை செய்த பிற மாநிலத் தொழிலாளர்கள் ஏறத்தாழ 25 லட்சம். வெளியே போனவர்களைவிட உள்ளே வந்தவர்கள் குறைவில்லை. பெரும்பாவூர் பிளைவுட் ஆலைகளில் ஞாயிற்றுக்கிழமை போய்ப் பாருங்கள், அசாமியும் ஒடியாவும் வங்காளமும் கேட்கும். அரசு அவர்களை விருந்தினர் தொழிலாளர் என்கிறது. தெரு அவர்களை, அசாமோ ஜார்க்கண்டோ, மொத்தமாக 'பங்காளி', அதாவது வங்காளி, என்கிறது. கொஞ்சம் மரியாதை வந்தால் 'பாய்'. தம்மாமில் மாமாவை யாரும் தமிழர் என்றோ தக்கலை என்றோ கூப்பிட்டதில்லை. 'ஹிந்தி'தான், அரபியில் இந்தியன். அவருக்கு அப்போது இந்தியில் நாலு வார்த்தை தெரியாது. 'ஹிந்தி' என்று அழைக்கப்பட்டுக் கூசியவர்களின் ஊர்தான் 'பங்காளி' என்று அழைக்கிறது.

வங்காளிகள் வருவதற்கு முன்பு அந்த இடத்தில் நாம் இருந்தோம். கிணறு வெட்ட, ரோடு போட, துணி தேய்க்க, பூ கட்ட. அதற்குப் பெயர் 'பாண்டி'. பழைய மலையாளப் படங்களில் பாண்டி என்றால் லாரிக்காரன், அடியாள், பிள்ளை பிடிக்கிறவன், இல்லையென்றால் சிரிப்பு மூட்டுகிறவன். எங்கள் நிலைமை இன்னும் விசித்திரம். மதுரைக்குப் போனால் என் பேச்சைக் கேட்டு மலையாளியா என்பார்கள். திருவனந்தபுரத்தில் பாண்டி. தமிழ்ப் படங்கள் மட்டும் யோக்கியமா என்றால், டீக்கடை நாயரையும் வெள்ளைச் சேலை நர்சையும் விட்டு நாமும் வெகுகாலம் நகரவில்லை. இரண்டு பக்கமும் பாக்கி இருக்கிறது.

'கும்பளங்கி நைட்ஸ்' (2019) வந்தபோது எல்லோரும் ஃபகத் பாசிலின் மீசையைப் பற்றிப் பேசினார்கள். நான் முருகனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ரமேஷ் திலக் நடித்த தமிழன், கும்பளங்கியில் தேய்ப்புக் கடை வைத்திருக்கிறான். கடையைத் தொடங்க ஒருகாலத்தில் உதவினான் என்பதற்காக உள்ளூர்க்காரன் சஜி அவனிடம் தினமும் காசு பிடுங்கிக் குடிக்கிறான். ஒரு நாள் முருகன் அதைச் சொல்லியே விடுகிறான். நான் உழைக்கிறேன், நீ தின்கிறாய். ஷியாம் புஷ்கரன் எழுதிய அந்த இடம் துல்லியம்: வந்தேறி என்று நினைக்கப்பட்டவன் முதலாளியாகவும் உள்ளூர்க்காரன் அட்டையாகவும் இருக்கிறார்கள். ஆனால் அதற்குப் பிறகு என்ன நடக்கிறது? அவமானத்தில் தூக்குப் போட்டுக்கொள்ளப் போகும் சஜியைக் காப்பாற்றி முருகன் சாகிறான். சஜி மனிதனாகிறான், முருகனின் மனைவியையும் பச்சைக் குழந்தையையும் தன் வீட்டுக்குக் கூட்டிவருகிறான். அழகான படம்தான். ஆனாலும் ஒரு மலையாளி திருந்துவதற்கு ஒரு தமிழன் செத்துக்கொடுக்க வேண்டியிருந்தது என்ற முணுமுணுப்பு என்னிடம் இன்னும் இருக்கிறது.

ஜயராஜின் 'ஒற்றால்' கணக்கைத் திருப்பிப் போடுகிறது. குட்டநாட்டில் வாத்து மேய்க்கும் தாத்தாவோடு வளரும் சிறுவன், கடைசியில் சிவகாசிப் பட்டாசுத் தொழிலுக்கு அனுப்பப்படுகிறான். செகாவ் கதை ஒன்றின் தழுவல். தாத்தாவுக்குக் கடிதம் எழுதுகிறான், முகவரி எழுதத் தெரியாது. இங்கே நாம்தான் வளைகுடா.

சக்கரியாவின் 'சுடானி ஃப்ரம் நைஜீரியா' (2018) மலப்புரத்தில் செவன்ஸ் என்ற ஏழு பேர் கால்பந்து ஆட வந்த நைஜீரியனைக் காட்டுகிறது. ஊர் அவனை 'சுடானி' என்கிறது, நைஜீரியா என்று அவன் திருத்தியும் பயனில்லை. கால் உடைந்து படுத்தவனை இரண்டு கிழவிகள் பார்த்துக்கொள்கிறார்கள். இருவருமே நாடக மேடையிலிருந்து வந்தவர்கள். அவனுக்கும் அவர்களுக்கும் பொதுமொழி ஒன்றும் இல்லை. தொலைந்த பாஸ்போர்ட்டுக்காகப் பயந்து நடுங்கும் அந்தக் கருப்பு முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்த மலப்புரத்து ஆண்களில் பாதிப் பேருக்கு அந்தப் பயம் எப்படி இருக்கும் என்று தெரிந்திருக்கும். படம் வெளியான பிறகு அந்த நடிகரே தனக்குச் சம்பளம் குறைவாகத் தரப்பட்டது என்று பொதுவில் எழுதினார். பின்னர் பேசித் தீர்த்துக்கொண்டார்கள்.

ஆனால் லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் 'நண்பகல் நேரத்து மயக்கம்' என்னை வேறு எங்கோ கொண்டுபோனது. 2023 ஜனவரியில் தியேட்டருக்கு வந்தது. தலைப்பைத் தமிழ் என்றே படித்துவிடலாம். வேளாங்கண்ணி போய்விட்டு பஸ்ஸில் திரும்பும் மலையாளக் கூட்டம். அதில் ஜேம்ஸ் என்ற சிடுசிடுப்பான ஆள். தமிழ்ச் சாப்பாடு பிடிக்காது, டீயில் சர்க்கரை அதிகம் என்பான். லாட்ஜில் வரவேற்பில் இருப்பவர் அவனுக்கு ஒரு குறள் சொல்கிறார். "உறங்குவது போலுஞ் சாக்காடு உறங்கி விழிப்பது போலும் பிறப்பு." பஸ் புறப்படுகிறது, எல்லோரும் தூங்குகிறார்கள், ஜேம்ஸ் விழித்து வண்டியை நிறுத்தி இறங்கிச் சோளக்காட்டு வழியாக ஒரு கிராமத்துக்குள் நடக்கிறான். ஒரு வீட்டுக்குள் நுழைந்து, கொடியில் கிடக்கும் கைலியை எடுத்துக் கட்டிக்கொண்டு, மாட்டுக்குத் தீனி வைக்கிறான். பேச்சு முழுக்கத் தமிழ். அந்த வீட்டிலிருந்து இரண்டு வருடத்துக்கு முன் காணாமல் போன சுந்தரம் அவன் இப்போது.

பழனிப் பக்கத்து ஊரில் எடுத்த படம். தேனி ஈஸ்வரின் கேமரா ஓரிடத்தில் உட்கார்ந்துவிட்டால் எழுந்திருப்பதில்லை, மத்தியானத்துக் கிழவர்களைப்போல. பின்னணி இசை என்று தனியாக ஒன்று கிடையாது. யாரோ வீட்டு டிவியிலும் ரேடியோவிலும் இருந்து பழைய தமிழ்ப் பாட்டும் பட வசனமும் காற்றில் வந்துகொண்டே இருக்கும். பார்வையில்லாத ஒரு கிழவி டிவி முன்னால் உட்கார்ந்திருக்கிறாள். வீட்டில் எல்லோரும் கலங்கும்போது அவள் மட்டும் வந்தவனை மகனாகவே எடுத்துக்கொள்கிறாள். சுந்தரத்தின் மனைவி ஒரு வார்த்தை பேசாமல் பார்க்கிறாள். மறுபக்கம் ஜேம்ஸின் மனைவி பஸ்ஸிலிருந்து இறங்கி வந்து நிற்கிறாள். அவனுக்கு இப்போது டீயில் சர்க்கரை போதவில்லை.

ஊர் என்ன செய்யும்? நமக்குத் தெரிந்த சினிமாவில் அரிவாள் எடுத்திருக்கும். இங்கே கோபப்படுகிறார்கள், குழம்புகிறார்கள், வந்தவர்களை உட்காரச் சொல்லிச் சோறு போடுகிறார்கள். மொழி தெரியாத இரண்டு கூட்டம் ஒரே முற்றத்தில் ஒருவன் தூங்கி எழுவதற்காகக் காத்திருக்கிறது. போனவன், வந்தவன் என்ற இரண்டு பேரையும் ஒரே உடம்பில் வைத்துவிட்டார்கள். சுந்தரம் காணாமல் போனது எங்கே, எதற்கு என்று படம் சொல்வதில்லை. எங்கள் பக்கத்தில் அப்படிக் காணாமல் போனவர்கள் தெருவுக்கு ஒருவர் உண்டு. பம்பாய்க்குப் போனான், அதற்குப் பிறகு தகவல் இல்லை என்பார்கள். அவர்களுடைய கைலியும் கொடியில் கிடக்கும்.

அந்தப் படத்தை மாமாவோடு வீட்டில் மறுபடி பார்த்தேன். பாதியில் தூங்கிவிட்டார். கடைசியில் எழுந்து, "அந்த ஆள் வீடு போய்ச் சேர்ந்தானா?" என்று கேட்டார். எந்த வீடு என்று நான் கேட்கவில்லை.

மாமாவுக்கு இப்போது எழுபது தாண்டிவிட்டது. வீட்டுப் பின்கட்டு அறையை வாடகைக்கு விட்டிருக்கிறார். ஒடிசாவிலிருந்து வந்து ஹாலோ பிளாக் கல் செய்யும் இடத்தில் வேலை பார்க்கும் மூன்று பையன்கள். ஞாயிறு மாலை படிக்கட்டில் உட்கார்ந்து வீடியோவில் ஊரோடு பேசுவார்கள். போனை ஆட்டி ஆட்டி எங்கள் தென்னை மரத்தைக் காட்டுவார்கள். தம்மாமில் ஒரு பாகிஸ்தானி டிரைவரிடம் கற்றுக்கொண்ட இந்தியை மாமா அவர்களிடம்தான் செலவழிக்கிறார். "கப் ஆயா? கப் ஜாயேகா?" வாரத்துக்கு ஒரு முறையாவது கேட்டுவிடுவார். அவர்களும் சிரித்துக்கொண்டே புதிதாகக் கேட்டதுபோலப் பதில் சொல்வார்கள்.

சென்ற மாதம் அவர்களில் ஒருவன் தங்கையின் கல்யாணத்துக்கு ஊருக்குப் போனான். அட்டைப்பெட்டி ஒன்றில் சாமான் கட்டிக்கொண்டிருந்தான். மாமா போய் எட்டிப் பார்த்தார். அப்படிக் கட்டினால் அவிழ்ந்துவிடும் என்று கையால் காட்டிவிட்டு, பரணில் ஏறச் சொல்லி என்னை விரட்டினார். மேலே ஒரு பிளாஸ்டிக் பையில் அந்த நீல நைலான் கயிறு இருந்தது. பக்கத்தில் எடை பார்க்கும் கொக்கித் தராசு. முட்டி வலியோடு தரையில் உட்கார்ந்து குறுக்கும் நெடுக்குமாகச் சுற்றினார். சதுரம் சதுரமாக முடிச்சு விழுந்தது. பிறகு மார்க்கர் பேனாவைக் கேட்டு வாங்கி, அந்தப் பையனின் பெயரை எழுத்து எழுத்தாகச் சொல்லச் சொல்லி, ஆறு பக்கத்திலும் எழுதினார். தராசின் கொக்கியைக் கயிற்றில் மாட்டி, "தூக்கு மக்களே" என்றார் என்னிடம்.

"மாமா, ரயிலில் எடை பார்க்கமாட்டார்கள்" என்றேன்.

"தூக்கு" என்றார்.